பெரியம்மாவின் இடது கன்னம்

பெரியம்மா நடிக்க வந்ததே ஒரு சண்டையில்தான்.

அப்போது அவளுக்குப் பதினேழு வயது. பள்ளிப் பரீட்சை நெருங்கிக்கொண்டிருந்தது. பக்கத்துக் கட்டிடத்தின் மாடியை ஒரு நாடகக் குழு ஒத்திகைக்குப் பிடித்திருந்தது. சாயங்காலம் ஆனால் போதும், அங்கே ஒருவன் "ஐயோ, என் மகனே!" என்று அலறுவான். அது சரியில்லை என்று இன்னொருவர் சொல்வார். மறுபடி அலறுவான். இவளும் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துப் பார்த்தாள். ஒரு நாள் புத்தகத்தை மூடினாள், ஈரத் தலையை அப்படியே அள்ளி முடிந்தாள், படியேறிப் போய்க் கதவைத் தள்ளித் திறந்தாள்.

"உங்க மகன் செத்துட்டான், சரி. அதுக்காக தினமும் சாவானா? அழறதாவது ஒழுங்கா அழறீங்களா? வயித்து வலிக்காரன் மாதிரி கத்தறீங்க! பெத்தவன் அப்படியா அழுவான்? இங்க ஒருத்தி கணக்குப் பாடத்தோட மல்லுக்கட்டிக்கிட்டு இருக்கேன், தெரியுமா?"

மூச்சு விடாமல் திட்டினாள். அலறுகிறவன் முகத்தில் ஈயாடவில்லை. குழுத் தலைவர் மட்டும் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"ஒரு வார்த்தை சிந்தலை. கடைசி வரிசை வரைக்கும் கேட்கும். நாளைக்கு வர்றியாம்மா?"

"பரீட்சை முடியட்டும், வர்றேன்" என்றாள். சொன்னபடி வந்தாள்.

"நாடகக்காரியாப் போறதா இருந்தா இந்த வாசப்படியை மிதிக்காதே" என்றார் அப்பா. "சரிப்பா, நான் பின்வாசல் வழியா வர்றேன்" என்றாள் அவள். வீம்புக்குச் சொன்னதல்ல, வருஷக்கணக்கில் அப்படித்தான் வந்தாள். கடைசியில் அப்பாவே அலுத்துப்போய் ஒரு நாள் முன்கதவைத் திறந்து வைத்துவிட்டு, ஒன்றும் தெரியாதவர் போலப் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

மேடையில் அவள் ஏறாத வேஷம் இல்லை. ராணி, திருடி, வக்கீல், பைத்தியம். ஒரு முறை கதாநாயகனுக்குக் கன்னம் வீங்கிப்போக, இவளே மீசை ஒட்டிக்கொண்டு இன்ஸ்பெக்டராக வந்தாள். பாதியில் மீசை கழன்று விழுந்தது. குனிந்து எடுத்துத் தட்டிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, "இவனைப் பிடிச்சு உள்ள போடுங்கய்யா!" என்றாள். கொட்டகை அதிர்ந்தது.

சினிமாவுக்கு அந்தக் குரலும் வேண்டாம், கோபமும் வேண்டாம். அங்கே அவளுக்குக் கதவு திறக்கிற வேலைதான். கதவைத் திறப்பாள், "டாக்டர் உள்ள இருக்காரு" என்பாள், சாத்துவாள். ஒவ்வொரு படத்திலும் "இன்னொரு வரி குடுங்களேன்" என்று கேட்டுக் கேட்டு, ஸ்டூடியோக்களில் அவளுக்கு 'இன்னொரு வரி' என்றே பேர் விழுந்தது. அவள் கேட்பதை நிறுத்தவில்லை.

ஐம்பதைத் தாண்டிய பிறகுதான் டிவி சீரியல் வந்தது. அதில் ஒரு பெரிய குடும்பத்தின் மூத்த மருமகள், எல்லோருக்கும் பெரியம்மா. குடும்பமே அவள் கண் அசைவில் நடக்கும். சீரியல் வருஷக்கணக்கில் ஓடியது. தக்காளி விற்கிறவள், "பெரியம்மா, நீங்க போய் இந்த அழுகலை எடுக்கலாமா?" என்று தானே பொறுக்கிக் கொடுத்தாள். பேருந்தில் முன்பின் தெரியாதவர்கள் தங்கள் மாமியாரைப் பற்றி அவளிடம் புகார் சொன்னார்கள். சொந்தப் பேர் மின்சார ரசீதில் மட்டும்தான் மிஞ்சியது.

அவளுடைய தங்கைக்கு மட்டும் அவள் அக்காவாகவே இருந்தாள். தங்கை தொலைபேசி நிலையத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். கணவன் காலமான பிறகு அக்காவோடு வந்து ஒட்டிக்கொண்டாள். காலமெல்லாம் பிறத்தியார் பேச்சுக்கு இணைப்புக் கொடுத்தே பழகியதால், இப்போது தன் பேச்சை யாரும் துண்டிக்க விடமாட்டாள்.

படப்பிடிப்புக்குக் கிளம்ப வேண்டிய ஒரு காலையில், பெரியம்மா வாய் கொப்பளித்தாள். தண்ணீர் இடது ஓரமாக ஒழுகி மார்பை நனைத்தது. துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"என்னக்கா, காலங்காத்தால யாரைப் பாத்து இப்படி ஒரு பக்கமா சிரிக்கிறே?" என்றாள் தங்கை.

பெரியம்மா சிரிக்கவே இல்லை.

ஆஸ்பத்திரியில் ஒரு இளம் டாக்டரம்மா புருவத்தைத் தூக்கச் சொன்னாள், கண்ணை மூடச் சொன்னாள், பல்லைக் காட்டச் சொன்னாள். வலப்பக்கம் சொன்னபடி கேட்டது. இடப்பக்கம் காது கேளாதவன் மாதிரி இருந்தது. ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிட்டு, "பயப்படாதீங்க, மூளைல ஒண்ணுமில்லை" என்றாள் டாக்டரம்மா.

"அது எங்களுக்கு முன்னாடியே தெரியும் டாக்டர்" என்றாள் தங்கை. சொன்ன கையோடு அழுதுவிட்டாள்.

முகத்துக்குப் போகிற நரம்பு வீங்கியிருக்கிறது, மாத்திரையும் பயிற்சியும் கொடுத்தால் பெரும்பாலானவர்களுக்குச் சில மாதங்களில் சரியாகிவிடும் என்றாள் டாக்டரம்மா.

"மீதிப் பேருக்கு?" என்றாள் பெரியம்மா.

"கொஞ்சம் மிச்சம் இருக்கும்."

அந்த வாரமே சீரியல் டைரக்டர் பழக்கூடையோடு வந்தான். அவளிடம் வசன உச்சரிப்புக் கற்றுக்கொண்டு வளர்ந்தவன், நல்லவன். நாற்காலி நுனியில் உட்கார்ந்து, அவள் முகத்தைத் தவிர வீட்டிலிருந்த எல்லாவற்றையும் பார்த்தான்.

"பெரியம்மா வெளியூருக்குப் போன மாதிரி வெச்சுக்கறோம்மா. நீங்க ஓய்வெடுங்க. சேனல்ல எல்லாரும் ரொம்ப வருத்தப்பட்டாங்க."

"வெளியூருக்குப் போனவ எப்ப திரும்புவா?"

"அது... கதை போற போக்கைப் பொறுத்து."

கதை வேகமாகத்தான் போனது. அடுத்த மாதமே பெரியம்மா திரும்பி வந்தாள். வாசலில் கார் நின்றது, கதவு திறந்தது, இறங்கியவள் வேறு ஒருத்தி. 'இனி பெரியம்மாவாக இவர்' என்று கீழே எழுத்து ஓடியது. அந்த வீட்டில் இருந்த பிள்ளைகள், மருமகள்கள், நாய் உட்பட யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

"நாசமாப் போக" என்றாள் தங்கை. "டிவியை அணைக்கட்டுமா?"

"இரு. நடை நல்லாத்தான் இருக்கு. திட்டும்போது கழுத்தை நீட்டறா, அது வேண்டாம்" என்று கடைசி வரை பார்த்தாள் பெரியம்மா. பிறகு எழுந்து குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நெடுநேரம் நின்றாள். அழுதாலும் ஒரு பக்கம்தான் முகம் சுருங்கியது. அந்தக் கோலத்தைக் கண்ணாடியில் பார்த்ததும் அழுகை போய் எரிச்சல் வந்தது.

மறுநாளிலிருந்து கண்ணாடிதான் அவளுடைய ஒத்திகைக்கூடம். கோபப்பட்டுப் பார்ப்பாள்: வலது பாதி கொதிக்கும், இடது பாதி பேருந்துக்குக் காத்திருப்பவளைப் போல் தேமே என்று நிற்கும். அதைவிடப் பெரிய பாடு பேச்சு. உதடு ஒட்டினால்தான் 'ப'வும் 'ம'வும் வரும். காற்று இடது ஓரத்தில் நழுவி, அப்பா 'அஃபா' ஆனார். கூடத்தில் நடந்துகொண்டே, "பாப்பம்மா பம்பரம் பம்முது பாரு" என்று மந்திரம் மாதிரி முணுமுணுப்பாள். தங்கை சமையலறையிலிருந்து, "பம்பரம் இன்னும் பம்மலை, ஃபம்முதுக்கா" என்று கத்துவாள். தொலைபேசிக்காரிக்குக் காது பாம்புக்காது.

முன்பெல்லாம் மின்னல் வேகத்தில் பேசியவள், இப்போது ஒவ்வொரு உதட்டெழுத்துக்கும் முன்னால் நூலளவு நிற்கக் கற்றுக்கொண்டாள். நின்று சொன்னால் எழுத்து விழுந்தது. விழுந்தது மட்டுமில்லை, கல் மாதிரி விழுந்தது.

குளிர்காலம் போய் வெயில் வந்தது. இடது கண் இப்போது ஒழுங்காக மூடியது. வாய் பாதி நிமிர்ந்து அங்கேயே நின்றுவிட்டது. "இதுக்கு மேல பெரிசா எதிர்பார்க்க வேண்டாம்மா" என்றாள் டாக்டரம்மா. வெளியே வந்ததும் பெரியம்மா தங்கையிடம் சொன்னாள்: "நீ வீட்டுக்குப் போ. நான் கேப்டனைப் பாத்துட்டு வர்றேன்."

கேப்டன் என்பது ஒரு பெண். வாட்டசாட்டமான உடம்பு, அந்தக் காலத்தில் தளபதி வேஷமெல்லாம் போட்டவள். பழைய நாடகக் குழுவை இப்போது அவள்தான் நடத்திவந்தாள். ஒரு அச்சகத்துக்கு மேலே ஒத்திகை அறை. கீழே இயந்திரம் ஓடும்போது தரையே உறுமும்.

கேப்டன் அவளைக் கட்டிக்கொண்டாள். தோளில் பிடித்துத் தள்ளி நிறுத்தி முகத்தை நேருக்கு நேர் பார்த்தாள். அத்தனை மாதத்தில் அப்படிப் பார்த்த முதல் ஆள் அவள்தான்.

"என்னடி இது?"

"நரம்பு. இனிமே இப்படித்தான். என்ன நாடகம் போடறே?"

சலவைக்கடை நடத்துகிற அறுபது வயதுக்காரி ஒருத்திக்கும், ஓய்வு பெற்ற தபால்காரர் ஒருவருக்கும் காதல். இரண்டு வீட்டுப் பிள்ளைகளும் குறுக்கே நிற்கிறார்கள். முழுக்கச் சிரிப்பு நாடகம்.

"உனக்கு அந்த சலவைக்கடைக்காரியோட அக்கா வேஷம் தர்றேன். கொஞ்சம் புத்தி சரியில்லாதவ. ரெண்டு சீன்தான், ஆனா கைதட்டல் வாங்கலாம்."

"கல்யாணப்பொண்ணு வேஷம் யாருக்கு?"

கேப்டன் தலையைச் சொறிந்தாள்.

"அதை எனக்குக் குடு."

"அடியே, அது காதல் வேஷம். ஜனங்க சிரிச்சுட்டா?"

"சிரிப்பு நாடகத்துல சிரிக்காம ஒப்பாரியா வைப்பாங்க? எதுக்குச் சிரிக்கிறாங்கங்கறதை நான் பாத்துக்கறேன்."

கேப்டன் யோசித்தபடி அறையைச் சுற்றி வந்தாள். "சரி, ஒண்ணு செய்யலாம். ஆரம்பத்துலயே ஒரு வசனம் வெச்சுடறேன். சின்ன வயசுல இஸ்திரிப்பெட்டி விழுந்து முகம் இப்படி ஆயிடுச்சுன்னு. ஜனங்களுக்குக் குழப்பம் இருக்காது."

"தபால்காரரா நடிக்கிறவருக்கு வழுக்கை இருக்கே. அதுக்கு எங்கயாவது வசனம் வெச்சிருக்கியா? சின்ன வயசுல தலைல தபால்பெட்டி விழுந்துடுச்சுன்னு?"

மூலையில் உட்கார்ந்து வசனம் பாடம் பண்ணிக்கொண்டிருந்த தபால்காரர் தன் தலையைத் தடவிக்கொண்டார்.

"அது வேற, இது வேற" என்றாள் கேப்டன்.

"ஒண்ணும் வேற இல்லை. அவர் தலை அவர் தலை. என் முகம் என் முகம். எனக்கு ஒரு வசனமும் வேண்டாம். காரணம் சொன்னா, அவங்க அந்தக் காரணத்தைத்தான் பாத்துக்கிட்டு இருப்பாங்க. நான் எங்க போறது?"

கேப்டன் அவளை முறைத்தாள். பிறகு, "தலையெழுத்து. நாடகப் பிரதியை எடுத்துக்கோ" என்றாள்.

முதல் காட்சியன்று அரங்கம் நிறைந்திருந்தது. பாதிப் பேர் டிவி பெரியம்மாவைப் பார்க்க வந்தவர்கள். திரை விலகியது. அவள் சட்டை மடித்துக்கொண்டிருந்தாள். தபால்காரர் உள்ளே வந்தார். அவரைப் பார்த்து அவள் முதல் முறையாகச் சிரிக்க வேண்டிய இடம். சிரித்தாள். ஒரு ஓரம் மேலே போக, மறு ஓரம் கீழேயே நின்ற சிரிப்பு.

அரங்கத்தில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. இரண்டாவது வரிசையிலிருந்து ஒரு அம்மாள், மனதுக்குள் நினைப்பதாக நினைத்து வாய்விட்டே, "ஐயோ பாவம்!" என்றாள்.

கேலிக்குப் பதில் தயாராக வைத்திருந்தாள் பெரியம்மா. பரிதாபத்துக்கு வைத்திருக்கவில்லை. அது குளிர்ந்த தண்ணீர் மாதிரி முதுகில் இறங்கியது. பக்கத் திரைக்குப் பின்னால் கேப்டன் நெற்றியில் கை வைத்துக்கொள்வது தெரிந்தது. எதிரே தபால்காரருக்கு வசனம் மறந்துபோயிருந்தது. மடித்த சட்டையை நிதானமாக அடுக்கின் மேல் வைத்தாள். முன்னால் நகர்ந்து வந்து, தபால்காரரை மேலும் கீழும் ஒரு பார்வை பார்த்து, இரண்டாவது வரிசையிடம் சொன்னாள்:

"யாரு, இவரா? ஆமா... பாவம்தான். என்னைக் கட்டிக்கப் போறாரே!"

முதலில் சிரித்தது அந்த அம்மாள்தான். பிறகு அரங்கமே சிரித்தது. தபால்காரர் நிஜமாகவே விழுந்து விழுந்து சிரித்தார். அந்தச் சிரிப்பு அடங்கியபோது யாரும் அவள் வாயைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. பிள்ளைகள் இந்தக் கல்யாணத்துக்கு என்ன சொல்லப்போகிறார்கள் என்றுதான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

நாடகம் ஊர் ஊராகப் போனது. பேச்சு சேனல் வரைக்கும் எட்டியது. டைரக்டர் இந்த முறை வீட்டுக்கு வரவில்லை. கார் அனுப்பி அவளை அலுவலகத்துக்கு வரவழைத்தான். கண்ணாடி மேஜை, உடம்பை நடுக்கும் ஏசி. இப்போது அவன் அவள் முகத்தை ஆசையோடு பார்த்தான்.

"புது சீரியல்மா. மெயின் வில்லி நீங்கதான். ஊரையே கெடுக்கிற மாமியார். நீங்க திரும்பிப் பாத்தாலே குழந்தைங்க பயந்துடணும். மேக்கப்பே வேண்டாம்மா, அப்படியே வந்தா போதும்!"

"மேக்கப்பே வேண்டாமா?"

"வேண்டவே வேண்டாம்" என்றான் உற்சாகமாக. அப்புறம்தான் அவள் குரல் அவனுக்கு உறைத்தது.

"தம்பி, நான் வில்லியா நடிக்க மாட்டேன்னு சொல்லலை. நாப்பது வருஷத்துல எத்தனை பேருக்கு விஷம் வெச்சிருக்கேன், எத்தனை குடும்பத்தைப் பிரிச்சிருக்கேன், உனக்கே தெரியும். ஆனா அப்பல்லாம் நான் நடிச்சுத்தான் கெட்டவளா ஆகணும். இப்ப நான் சும்மா வந்து நின்னாலே கெட்டவன்னு சொல்றியே, அதான் எனக்கு வயிறு எரியுது. வாய் நேரா இருக்கறவங்க பண்ணின அக்கிரமத்தை நீ பாத்ததே இல்லையா?"

"அப்படி அர்த்தத்துல சொல்லலைம்மா..."

"இந்த சீரியல்ல வேற என்ன வேஷம் இருக்கு?"

அவன் காகிதங்களைப் புரட்டினான். "பெரிசா ஒண்ணுமில்லைம்மா. ஒரு தலைமையாசிரியை வர்றாங்க. ரொம்ப நல்லவங்க. சின்ன வேஷம்."

"அதைக் குடு."

"ஏன் டீச்சர் வாய் இப்படி இருக்குன்னு ஜனங்க கேப்பாங்களேம்மா."

"உன் ஸ்கூல்ல இருந்த டீச்சருங்க எல்லாம் அழகிகளா? பாடம் நடத்தினாங்களா இல்லையா?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். சேனலில் ஒப்புக்கொள்ள மாட்டார்கள் என்று முணுமுணுத்தான். அவள் எழுந்தாள். வாசலில் நின்ற காரை வேண்டாமென்று சொல்லிவிட்டுப் பேருந்து ஏறினாள்.

அந்த வில்லி வேஷம் வேறு நடிகைக்குப் போனது. தினமும் ரப்பர் ஒட்டி அவள் வாயைக் கோணலாக்கினார்கள். சீரியல் சக்கைப்போடு போட்டது. அதே மாதிரி வேஷங்கள் கேட்டு இன்னும் பலர் வந்தார்கள்: சூனியக்காரி, பிள்ளை கடத்துகிறவள், சாபம் வாங்கியவள். "இன்னிக்கு எந்தப் பேய்க்காரி?" என்று கேட்டபடிதான் தங்கை தொலைபேசியை எடுப்பாள். எல்லாவற்றுக்கும் ஒரே பதில்: முடியாது. அந்த வருஷம் வீட்டில் பணம் கொஞ்சம் முடையாகத்தான் இருந்தது. தங்கை ஒரு நாள்கூட, "ஒண்ணே ஒண்ணு பண்ணிடேன்க்கா" என்று சொல்லவில்லை.

பிறகு ஒரு இளம்பெண் நாடகம் பார்த்துவிட்டு வந்தாள். முதல் படம் எடுக்கப்போகிற இயக்குநர். பேருந்து டிப்போவில் வண்டிகளை அனுப்புகிற நேரக்காப்பாளர் வேஷம். கதையை வாங்கிப் படித்த பெரியம்மா, ஒவ்வொரு பக்கமாகத் தேடினாள். முகத்தைப் பற்றி ஒரு எழுத்து இல்லை.

"எழுத மறந்துட்டியாம்மா?"

"எதை?" என்றாள் அந்தப் பெண். அவள் கேட்ட விதத்தில் நடிப்பு இல்லை.

படப்பிடிப்பு நிஜமான டிப்போவிலேயே நடந்தது. டீசல் வாடை, எண்ணெய் வழுக்கும் தரை. காமிராக்காரர் பழைய ஆள், அவள் கதவு திறந்த காலத்திலிருந்தே தெரிந்தவர். அவர் காமிராவை எப்போது வைத்தாலும் அவளுடைய வலப்பக்கமே வைத்தார். அவள் திரும்பினால் அவரும் நாசூக்காகச் சுற்றி வந்தார்.

"என்னண்ணே, கோயிலைச் சுத்தற மாதிரி ஒரே பக்கமா சுத்தறீங்க?"

"நீ நல்லாத் தெரியணும்னுதான்ம்மா."

"நான் நல்லாத் தெரியணும்னா கண்ணாடி முன்னாடியே உக்காந்திருப்பேனே. கீழ நிக்கிற டிரைவர் எந்தப் பக்கம் இருக்கான்? இந்தப் பக்கம். நான் யாரைத் திட்டணும்? அவனை. அவனைப் பாத்துத் திட்டினா இந்தக் கன்னம்தான் தெரியும். தெரியட்டும். இங்க வைங்க."

அவர் இயக்குநரைப் பார்த்தார். அந்தப் பெண், "அவங்க சொல்றதுதான் சரி" என்றாள். காமிரா இடம் மாறியது. இடது கன்னத்துக்கு வெகு அருகில் வந்து நின்றது.

காட்சி எடுத்து முடித்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். இயக்குநர் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள். பெரியம்மா தலையை ஆட்டினாள்.

"இல்லம்மா. 'புறப்படு'ன்னேன் பாரு, அதுல 'பு' விழலை. இன்னொண்ணு போகலாம்."

"எனக்கு நல்லாத்தானே கேட்டுது?"

"கடைசி வரிசைக்குக் கேக்காது. வாங்க, வாங்க, எல்லாரும் இடத்துக்குப் போங்க."

மறுபடி காமிரா ஓடியது. அவள் அறையை விட்டு வெளியே வந்தாள். பேருந்தின் பக்கவாட்டில் ஓங்கி ஒரு அறை அறைந்தாள். நூலளவு நின்றாள்.

"புறப்படுடா!"

வாடகைக்கு வந்த பேருந்தின் நிஜ ஓட்டுநர், நடிப்புக்கும் தனக்கும் சம்பந்தமில்லை என்று ஓட்டுநர் இருக்கையில் சாய்ந்து கிடந்தவர், தூக்கிவாரிப்போட்டு எழுந்து வண்டியைக் கிளப்பிவிட்டார். "ஐயா நிறுத்துங்க!" என்று நாலு பேர் பின்னால் ஓட, பேருந்து டிப்போ வாசலைத் தாண்டித் தெருவில் இறங்கிப் போய்க்கொண்டிருந்தது.